கலெக்டர் சொன்னதும் நான் சொன்னதும்

தம்பி,

போன ஞாயிற்றுக்கிழமை நீ பேசி முடித்ததிலிருந்து இதை எழுத உட்காருவதும் எழுந்து போவதுமாக இருக்கிறேன். நீ சந்தோஷமாகத்தான் பேசினாய். "அப்பா, நம்ம கொத்தமங்கலத்துப் படத்துல கலெக்டரா வந்தவரு எங்க ஹோமுக்குக் குடி வாராருப்பா! புதுசா வர்றவுக லிஸ்டுல பேரப் பாத்தேன். அவரேதான்" என்றாய். ஆஸ்திரேலியாவில் நீ வேலை பார்க்கும் முதியோர் இல்லத்தில் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பழைய சீரியல்கள் ஓடும் என்றாய். அவற்றில் பாதியில் அவர் முகம் வருமாம். அங்கிருக்கும் வயதானவர்கள் யாரும் அவர் பெயரைச் சொல்ல மாட்டார்களாம், "நம்ம சார்ஜன்ட்" என்றுதான் சொல்வார்களாம். அதுவரை நானும் சிரித்துக்கொண்டுதான் கேட்டேன். பிறகு நீ சொன்னாய்: "அவருக்கு நான் நன்றி சொல்லணும்ப்பா. அன்னைக்கு அவரு மூஞ்சிக்கு நேரா உண்மையச் சொன்னதாலதான நான் சினிமா கினிமான்னு அலையாம ஒழுங்கா நர்சிங் படிச்சேன். வெள்ளிக்கிழமை வாராரு. மொதல்ல போயி அதைத்தான் சொல்லப்போறேன்." நான் "சரிப்பா" என்று சொல்லிவிட்டு போனை உன் அம்மாவிடம் கொடுத்துவிட்டேன்.

நீ அவருக்கு நன்றி சொல்லக் கூடாது. அவர் அப்படி எதுவும் சொல்லவில்லை. சொன்னது நான்.

இந்தக் கடிதத்தை அம்மா படமெடுத்து உன் போனுக்கு அனுப்பிவிடுவாள், வெள்ளிக்கிழமைக்கு முன்னால் உன் கைக்கு வந்துவிடும். அதன் பிறகு நம் பங்குக் கோயிலின் மாத இதழுக்கும் இதைக் கொடுக்கப் போகிறேன். வீட்டுக்குள் பேச வேண்டியதை ஊருக்கு ஏன் படிக்கக் கொடுக்கிறீர்கள் என்று நீ கேட்கலாம். அந்தப் பொய்யை நான் வீட்டோடு வைத்துக்கொள்ளவில்லை. பள்ளி ஆசிரியர் அறையிலும், ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலிலும், "வெள்ளைக்காரனே சொல்லிட்டான், இவனுக்கு நடிப்பு வராதுன்னு" என்று பதின்மூன்று வருடமாகச் சொல்லி வந்திருக்கிறேன். கேட்டவர்கள் எல்லாம் இங்கேதான் இருக்கிறார்கள். அவர்களும் படிக்கட்டும்.

நான் எதையும் மறக்காதவன் என்பது உனக்குத் தெரியும். எனக்குப் பின்னால் வேலையில் சேர்ந்தவரைத் தலைமையாசிரியர் ஆக்கினார்கள். அன்றிலிருந்து அவர் அறைக்குள் கூப்பிட்டால் ஒழிய நான் போனதில்லை. உன் சித்தப்பா உன் அத்தை கல்யாணத்தில் என்னைக் கலக்காமல் பந்தலுக்குச் சொன்னதை இன்றுவரை வைத்திருக்கிறேன். ஆனால் இவற்றுக்கெல்லாம் முந்தியது ஒன்று உண்டு. தவக்காலத்தில் நம் ஊரில் போடும் பாஸ்கா நாடகத்தில் நான் பதினோரு வருடம் கயபா வேடம் கட்டினேன். ஆண்டவரைக் குற்றவாளி என்று சொல்லும் அந்தத் தலைமைக் குருவின் வசனம் எனக்கு இன்றும் தூக்கத்தில் வரும். ஒரு வருடம் கூட எனக்கு இயேசு வேடம் கிடைக்கவில்லை. நான் கேட்டேன். வாய்விட்டே கேட்டேன். அப்போதிருந்த பங்குச் சாமியார், "உமக்குக் குரல் இருக்குதுய்யா, முகந்தான் அதுக்கு எடுக்காது" என்றார். பூசைக்கு உதவும் கோயில்பிள்ளையின் மருமகன், சிவப்பாக இருப்பான், பேசினால் இரண்டாவது வரிசைக்குக் கேட்காது, அவன்தான் வருடா வருடம் சிலுவை சுமந்தான். அவன் விழும்போது பெண்கள் அழுவார்கள். நான் திரைக்குப் பக்கத்தில் ஒட்டுத் தாடியோடு நின்று அதைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

இப்படிப்பட்ட மனிதனிடம்தான் அந்தப் படக்காரர்கள் வந்தார்கள். நீ அப்போது பிளஸ் டூ முடித்துவிட்டு ரிசல்ட்டுக்குக் காத்திருந்தாய். கொத்தமங்கலத்தில் ஒரு பெரிய வீட்டைப் பிடித்து வெள்ளைக்காரன் காலத்துக் கதை ஒன்று எடுக்க வந்திருந்தார்கள். கலெக்டராக நடிக்க ஆஸ்திரேலியாவிலிருந்து அவரைக் கூட்டி வந்திருந்தார்கள். வாயைத் திறக்காமலே பேசுகிறவர் அவர். சென்னையிலிருந்து வந்த உதவி இயக்குநர்களே அவர் சொல்வதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு என்னிடம் வந்து "என்ன சார் சொன்னாரு?" என்பார்கள். எனக்கே மூன்று நாள் ஆயிற்று காது பழக. ஆங்கில வாத்தியார் என்று கேள்விப்பட்டு அவருக்கு மொழிபெயர்ப்பாளனாக என்னைப் போட்டார்கள். கூடவே படத்தில் ஒரு வேடமும் கொடுத்தார்கள்: கலெக்டருக்கும் ஊருக்கும் நடுவில் நின்று பேசும் துபாஷி. மூன்று வரி வசனம். நான் உன்னையும் கூட்டிப்போனது சும்மா வேடிக்கை பார்க்கத்தான். அவர்கள் உன்னைப் பார்த்து, தாம்பாளம் ஏந்தி நிற்கும் வேலையாளாக ஓரத்தில் நிறுத்தினார்கள்.

அவரோடு இருந்த அந்தப் பன்னிரண்டு நாளை நான் யாரிடமும் முழுதாகச் சொன்னதில்லை. விளக்குக் கட்டுவதற்கும் ஷாட் வைப்பதற்கும் இடையில் மணிக்கணக்காகக் காத்திருக்க வேண்டும். அப்போது என்னைப் பக்கத்தில் உட்காரச் சொல்லிப் பேசுவார். இருபது வயதில் ரொட்டி வண்டி ஓட்டிக்கொண்டிருந்தாராம். வானொலி நாடகம் ஒன்றில் ஒரு வரி பேச ஆள் வராமல் போக, ரொட்டி கொடுக்கப் போனவரைப் பேச வைத்தார்களாம். அப்புறம் டெலிவிஷனில் ஒரு சீரியலில் பதினோரு வருடம் போலீஸ்காரர். முதலில் கான்ஸ்டபிள், பிறகு சார்ஜன்ட். "அதே யூனிபார்மை மூன்று முறை பிரித்துத் தைத்தார்கள், அவ்வளவு பெருத்துவிட்டேன்" என்று வயிற்றைத் தட்டிச் சிரித்தார். அதற்குப் பிறகு மாட்டு வைத்தியர், நீதிபதி, குடிகார மாமா, பிஷப், பக்கத்து வீட்டுக்காரர். சினிமாவில் பெரும்பாலும் பாதியில் செத்துப்போகிறவர். குதிரையிலிருந்து விழுந்து, பாம்பு கடித்து, காட்டுத்தீயில், சும்மா மாரடைப்பில். வெளியூர்ப் படப்பிடிப்புக்குப் போனால் அவர் மனைவி சாயங்காலம் போன் செய்து, "இன்னும் சாகவில்லையா, எப்போது வீட்டுக்கு வருவாய்?" என்று கேட்பாராம். ஐம்பது வருடத்தில் ஒரு தடவை கூடக் கதாநாயகன் இல்லை. ஒரு தடவை கைக்கு எட்டி வந்து வேறொருவனுக்குப் போயிற்றாம்.

நான் காதைத் தீட்டிக்கொண்டேன். அது வலிக்கவில்லையா என்று கேட்டேன். "வலித்தது. அவனோடு இரண்டு வருடம் பேசவில்லை. பிறகு ஒரு படத்தில் நான் அவனுக்கு மாமனாராக நடித்தேன். நல்ல வேடம். அதில் மறந்துவிட்டேன்" என்றார். எனக்கு அந்தப் பதில் பிடிக்கவில்லை, தம்பி. என்னைப் போல ஒருவன் உலகத்தின் மறுமுனையிலிருந்து வந்திருக்கிறான் என்று நினைத்திருந்தேன். இவர் மறந்துவிட்டேன் என்கிறாரே என்று அவர் மேல் எனக்கு ஒரு கசப்பு வந்தது. அதையும் மனதில் வைத்துக்கொண்டேன்.

அந்த வீட்டைப் பார்த்துக்கொண்டிருந்த சுப்பையா அண்ணனை உனக்கு நினைவிருக்கும். முதல் நாளே என்னிடம் சண்டைக்கு வந்துவிட்டார். "என்ன வாத்தியாரே, துரை பூட்ஸோட வளவுக்குள்ள வரப்போறாராம்ல? சாமி கும்புடுற வீடு. மொதலாளி போன்ல சரின்னுட்டாக, நான் சரிங்கலையே" என்றார். அதை நான் ஆங்கிலத்தில் சொன்னதும் நடிகர் பூட்ஸைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு சுப்பையா அண்ணன் முன்னால் போய் நின்றார். தினமும் காலையில் அப்படி நின்று அனுமதி கேட்டார். "அட, போட்டுக்கிட்டு வாங்க சாமி, வேசத்துக்குத்தான" என்று அண்ணன் வெட்கப்பட்டுச் சிரித்த பிறகுதான் காலில் மாட்டுவார். கலெக்டராக வேடம் போட்டிருந்தவர், போட்ட வேடத்துக்கு மன்னிப்புக் கேட்டுக்கொண்டே பன்னிரண்டு நாளும் இருந்தார்.

என் வசனமும் அந்த பூட்ஸைப் பற்றியதுதான். கலெக்டர் வீட்டைச் சோதனையிட வருகிறார். பூட்ஸோடு வாசலைத் தாண்டி உள்ளே காலை வைக்கிறார். துபாஷியாகிய நான் முன்னால் வந்து, "துரையவர்கள் காலணியோடு உள்ளே வருவதை வீட்டார் பொறுத்தருள வேண்டும்" என்று தொடங்கிப் பேச வேண்டும். ஒரு வாரம் கண்ணாடி முன்னால் நின்று சொல்லிப் பார்த்தேன். உன் அம்மாவுக்கே பாடமாகிவிட்டது. அடுப்படியிலிருந்து "துரையவர்களே, காப்பி ஆறுது" என்று கூப்பிடுவாள்.

ஷாட் வந்தது. அவர் வந்தார், காலைத் தூக்கினார். நீ தாம்பாளத்தோடு நின்றிருந்தாய். உன்னிடம் யாரும் எதுவும் செய்யச் சொல்லவில்லை. நீ அந்த பூட்ஸைப் பார்த்தாய். ஒரு தடவைதான். பிறகு மெதுவாகக் கண்ணை உயர்த்தி அவர் முகத்தைப் பார்த்தாய். கோபம் இல்லை, பயம் இல்லை. இது இங்கே வழக்கமில்லையே என்று விருந்தாளியிடம் சொல்லத் தயங்குகிறவனின் பார்வை. அவர் தூக்கிய கால் அப்படியே நின்றது. பிறகு அந்தக் காலை எவ்வளவு மெதுவாக வைத்தார்! அவ்வளவு பெரிய உடம்பு பூனை மாதிரி உள்ளே வந்தது. நான் என் வசனத்தைச் சொன்னேன். கட் என்றார்கள். அப்புறம் இயக்குநர் என்னிடம் வந்து, "சார், அந்த டயலாக் வேணாம் சார். பையன் பாத்ததே போதும். நீங்க அப்படி ஓரமா நில்லுங்க" என்றார்.

மறுபடி எடுத்தபோது நான் ஓரமாக நின்றேன். பாஸ்கா மேடையில் நின்ற அதே இடம்.

உன் மேல் பொறாமைப்பட்டேன் என்று எழுத எனக்கு இத்தனை வருடம் ஆகியிருக்கிறது. பெற்ற பிள்ளை மேல் தகப்பனுக்குப் பொறாமை வருமா என்று படிப்பவர்கள் கேட்கலாம். வரும். வந்தது. உன் நல்லதுக்குத்தான் செய்தேன், சினிமாவில் அலைந்து கெட்டுப்போகக் கூடாது என்றுதான் செய்தேன் என்று எனக்கு நானே பல வருடம் சொல்லிக்கொண்டேன். அது உண்மை இல்லை. அன்று எனக்கு உன் எதிர்காலம் நினைவிலேயே இல்லை.

கடைசி நாள், சாமான்களை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அவர் நம் இருவரையும் வீட்டின் உட்புறம், இரண்டாம் கட்டுக்குக் கூட்டிப்போனார். அங்கே வேறு யாரும் இல்லை. உன்னை எதிரில் நிறுத்தி, என்னைப் பக்கத்தில் நிறுத்தி, உன் முகத்தைப் பார்த்தே பேசினார். என் வகுப்பிலேயே ஆறு வருடம் ஆங்கிலம் படித்தவன் நீ. உனக்கு ஒரு வார்த்தைகூடப் பிடிபடவில்லை. நான் இலக்கணம் சொல்லிக்கொடுத்தேன், காதுக்கு எதுவும் கொடுக்கவில்லை. அவர் நிறுத்தினார். நீ என் வாயைப் பார்த்தாய். நான் சொன்னேன்: "நல்லா நின்னியாம்டா. ஆனா இந்த வேலை ஒனக்கு ஒத்து வராதுங்கறாரு. மொகம் எடுக்காதாம். படிப்பைப் பாருங்கறாரு."

யோசித்துச் சொன்னதில்லை. அந்த வார்த்தை என்னிடம் தயாராக இருந்தது. எனக்குச் சொல்லப்பட்டதை அப்படியே உன் கையில் கொடுத்தேன்.

நீ தலையாட்டினாய். "தேங்க் யூ சார்" என்று சொல்லி அவர் கையைப் பிடித்தாய். அவருக்குக் குழப்பம். நன்றி மட்டும் சொல்கிறான், இவன் முடிவு என்ன என்று என்னைக் கேட்டார். அங்கே இரண்டாவது பொய்யைச் சொன்னேன். இவனுக்கு நடிப்பில் விருப்பமில்லை, நர்சிங் சேரப் போகிறான், உங்களுக்கு நன்றி சொல்கிறான் என்று ஆங்கிலத்தில் சொன்னேன். அப்போது உன் மாமா கொண்டுவந்து போட்ட நர்சிங் விண்ணப்பம் வீட்டில் நிரப்பாமல் கிடந்தது, அதனால் அது வாயில் வந்தது. அவர் உன்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "அப்படியா. அந்த நோயாளிகள் கொடுத்து வைத்தவர்கள்" என்றார். நீ "என்னப்பா சொல்றாரு?" என்றாய். "நல்லாப் படிக்கச் சொல்றாரு" என்றேன். போகும்போது, எதற்கும் இருக்கட்டும், மனம் மாறினால் எழுதட்டும் என்று ஒரு தாளில் அவருடைய முகவரியை எழுதி என்னிடம் கொடுத்தார். அதைச் சட்டைப் பையில் வைத்தேன். சட்டை துவைக்கப் போனது. பையில் தாள் இருப்பது எனக்குத் தெரியும். அம்மா சட்டையைத் தண்ணீரில் முக்குவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

மூன்று வாரத்தில் நீ அந்த விண்ணப்பத்தை நிரப்பினாய். மதுரையில் படிப்பு, பிறகு குவைத், பிறகு ஆஸ்திரேலியா. நல்ல பிள்ளை என்று ஊரே சொன்னது. படம் காரைக்குடிக்கு வந்தபோது நான் காய்ச்சல் என்று படுத்துக்கொண்டேன். அம்மா பார்த்துவிட்டு வந்து, "நம்ம பய பாத்த பார்வையில தியேட்டரே கம்முனு ஆயிப்போச்சுங்க" என்றாள். நான் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டேன். குவைத்தில் கிறிஸ்துமஸ் நாடகத்துக்கு உன்னைக் கூப்பிட்டார்கள் என்றும் நீ திரை இழுக்கும் வேலையை வாங்கிக்கொண்டாய் என்றும் உன் நண்பன் ஒருவன் சொன்னான். அதையும் கேட்டுக்கொண்டேன். ஆனால் உன் கல்யாணத்தன்று நடந்ததைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. கோயில் படியில் போட்டோ எடுக்கிறவர் உன்னை நிமிர்ந்து பார்க்கச் சொல்லிக்கொண்டே இருந்தார். நீ சிரித்துக்கொண்டு, "என் மூஞ்சி எடுக்காதுண்ணே. பொண்ண நல்லா எடுங்க, போதும்" என்றாய். எல்லோரும் சிரித்தார்கள். மாலையும் சட்டையுமாக நீ ஒரு பக்கம் தள்ளி நின்றாய். நான் மூன்றடி தூரத்தில் இருந்தேன். அந்த ஆல்பத்தில் நீ நேராகப் பார்க்கும் படம் ஒன்றுகூட இல்லை. நான் தேடிப் பார்த்துவிட்டேன்.

உன் அம்மாவிடம் திங்கட்கிழமைதான் சொன்னேன். கீரை ஆய்ந்துகொண்டிருந்தவள் முறத்தைத் தள்ளி வைத்துவிட்டாள். பிறகு, "ஊரு ஒலகமெல்லாம் ஒங்களுக்குத் துரோகம் பண்ணுச்சுன்னு முப்பது வருசமாக் கேட்டுக்கிட்டு இருக்கேன். நீங்க பண்ணுனதை ஒரு நா சொல்லலையே" என்றாள். எண்பது தாண்டிய மனிதர், மறந்திருப்பார், இப்போது எதற்குக் கிளற வேண்டும் என்றேன். உண்மையில் ஞாயிற்றுக்கிழமையிலிருந்து அந்த நம்பிக்கையைத்தான் பிடித்துக்கொண்டிருந்தேன். அவள் சொன்னாள்: "அவரு மறந்துட்டா, அவரு சொன்னது வேற யாருகிட்ட இருக்கு? ஒங்ககிட்ட மட்டுந்தான இருக்கு. எழுதுறீகளா, நான் போன்ல சொல்லட்டுமா?"

ஆகவே எழுதுகிறேன். அவர் அன்று சொன்னது இதுதான். பதின்மூன்று வருடமாக ஒரு சொல்லும் எனக்குக் கலையவில்லை. கலையட்டும் என்று நினைத்தும் கலையவில்லை.

"நான் ஐம்பது வருடமாக இந்த வேலையைச் செய்கிறேன். நடிக்கிறவர்களை நிறையப் பார்த்துவிட்டேன். எதிரில் இருப்பவனை உண்மையாகப் பார்க்கிறவர்கள் கொஞ்சம் பேர்தான். நீ பார்க்கிறாய். நீ என் காலைப் பார்த்த பிறகுதான் நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன் என்பது எனக்கே தெரிந்தது. மற்றதையெல்லாம் சொல்லிக்கொடுக்கலாம், இதைச் சொல்லிக்கொடுக்க முடியாது. பெரிய பெயர் வராமல் போகலாம். எனக்கும் வரவில்லை. தெருவில் போனால் போட்ட வேடத்தின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். ஆனாலும் நான் ஒரு நாளும் வருத்தப்பட்டதில்லை. உன் முகம் நல்ல முகம். எதை வைத்தாலும் தாங்கும். இதை விட்டுவிடாதே. எனக்கு எழுது, நீ கற்றுக்கொள்ள ஓர் இடம் நான் தேடித் தருகிறேன்."

சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பி, "அப்படியே சொல்லுங்கள், எதையும் விடாமல்" என்றார். சொல்கிறேன் என்று தலையாட்டினேன்.

உனக்கு முப்பத்தொன்று ஆகிவிட்டது, வீடு, வேலை, மனைவி என்று ஆகிவிட்டது. இப்போது இதை வைத்துக்கொண்டு நீ என்ன செய்வாய் என்று எனக்குத் தெரியவில்லை. மன்னித்துவிடு என்று கேட்க வாய் வரவில்லை. ஒருவரையும் மன்னித்துப் பழகாதவன் அதை எந்த முகத்தோடு கேட்பது? நீ என்னோடு பேசாமல் இருந்தால் அது எத்தனை நாள் என்று எண்ண மாட்டேன். அம்மாவோடு மட்டும் பேசு, அவளுக்கு இதில் பங்கில்லை.

வெள்ளிக்கிழமை அவர் வந்ததும் நீதான் அவர் பெட்டியை எடுத்து வைப்பாய், கட்டிலைச் சரிசெய்வாய், மாத்திரை கொடுப்பாய். அவருக்கு நினைவிருந்தாலும் இல்லாவிட்டாலும், கொத்தமங்கலத்தில் அந்தப் பையன் உங்கள் பேச்சைத் தட்டிவிட்டுப் போகவில்லை, அது அவனுக்கு வந்து சேரவே இல்லை என்று சொல். இந்த வாரம்தான் வந்தது என்று சொல். அவர் ஏதாவது பதில் சொன்னால், எவ்வளவு வாயை மூடிப் பேசினாலும் இப்போது உனக்குப் புரியும். அவர் உன்னோடு பேசட்டும். நடுவில் யாரும் இல்லை.

உன் அப்பா